திரையில் தெரிவது திரையின் பிழை அன்று

காவிரிக்கு இக்கரையில், ஈரோட்டை எதிர்நோக்கியபடி அமைந்திருக்கும் பள்ளிபாளையத்தில், விசைத்தறியின் ஓசை பகலிலும் இரவிலும் ஓயாத தெரு ஒன்றில் என் தமக்கையின் வீடு இருக்கிறது. அந்த வீட்டின் முன்கூடத்தில், நூல் மூட்டைகளுக்கும் கணக்கு நோட்டுகளுக்கும் நடுவே ஒரு சிறு மேஜையின்மேல், மூடியில் அரசு முத்திரை பொறித்த மடிக்கணினி ஒன்று பத்தாண்டுகளுக்கு மேலாக உழைத்துக்கொண்டிருக்கிறது. தமக்கையின் மகள் பிளஸ் டூ படித்த காலத்தில் பள்ளியில் வாங்கி வந்தது அது. இன்று அவள் குடும்பத்தின் எட்டுத் தறிகளுக்கும் கணக்கெழுதுகிறாள்; ஜி.எஸ்.டி. தாக்கல் செய்வதும், துணி பேல்களை ஏற்றிய லாரி புறப்படுமுன் இ-வே பில் எடுத்துக் கொடுப்பதும் அந்தக் கணினியின் வழியாகத்தான் நடைபெறுகின்றன.

சென்ற ஆண்டு ஆடி மாதத்தில் ஒருநாள் நான் அங்கே போயிருந்தபோது அவள் முகம் வாடியிருந்தது. பிரவுசரைத் திறந்தால், பக்கம் தோன்றிய சில விநாடிகளில் எழுத்துகளின்மேல் கறுப்புச் சதுரங்கள் விழுந்தன. மௌஸை நகர்த்தினால் சில சதுரங்கள் மறைந்து வேறு இடத்தில் சில முளைத்தன. பக்கத்தை மேலும் கீழும் உருட்டினால் எழுத்துகள் கிழிந்த துணிபோல் பிரிந்து நின்றன. ஊரிலே ஒரு கடைக்காரர் அதைப் பார்த்துவிட்டு, போர்டு போய்விட்டது, புதிதாக வாங்கிக்கொள்வதே மேல் என்று சொல்லியனுப்பிவிட்டாராம். "இதுக்கு ஆயுசு முடிஞ்சு போச்சுங்களா, மாமா?" என்று அவள் கேட்டாள். அந்தக் கேள்விக்கு விடை தேடிப் புறப்பட்டதன் பயனே இக்கட்டுரை.

ஆபரேட்டர் அறையைத் திரும்பிப் பார்த்த சனங்கள்

பள்ளிபாளையத்தை உள்ளிட்ட சேலத்துப் பிரதேசத்து மக்களுக்குத் திரையைப் பற்றி எடுத்துரைக்க வேண்டிய அவசியமில்லை. ஏற்காடு சாலையில் டி.ஆர். சுந்தரம் நிறுவிய மாடர்ன் தியேட்டர்ஸ் என்னும் கலைக்கூடத்திலிருந்து, தமிழின் முதல் முழுநீள வண்ணப் படமாகிய 'அலிபாபாவும் 40 திருடர்களும்' 1956ஆம் ஆண்டில் வெளிவந்தது. அந்நாளில் டூரிங் கொட்டகைகளில் மணல் குவித்து உட்கார்ந்து படம் பார்த்த ஜனங்கள், படம் திடீரென்று மங்கினாலோ துள்ளினாலோ, எதிரே இருந்த வெள்ளைத் துணியைக் குறை கூறியதே இல்லை. எல்லோரும் ஒருமிக்கப் பின்னால் திரும்பி ஆபரேட்டர் அறையை நோக்கியே குரல் எழுப்பினார்கள். கார்பன் குச்சி தேய்ந்திருக்கலாம், ரீல் பல்சக்கரத்தில் சரியாக உட்காராதிருக்கலாம், ஒட்டுப் போட்ட இடம் விட்டுப் போயிருக்கலாம் என்பதெல்லாம் எழுத்தறியாதவர்களுக்கும் தெரிந்திருந்தது. கோளாறு காட்சியளிக்கும் இடம் ஒன்று, அது பிறக்கும் இடம் வேறொன்று என்ற அந்தச் சாதாரண விவேகத்தை, கணினி என்னும் நூதன சாதனத்தின் முன்னே நின்றவுடன் நாம் மறந்துவிடுகிறோம்.

கறுப்புச் சதுரங்கள் எங்கிருந்து வருகின்றன?

ஓர் இணையப் பக்கம் திரையில் தோன்றுவதற்கு முன் பல கைகள் மாறுகிறது. முதலில் பிரவுசர், எழுத்து எங்கே, படம் எங்கே, பொத்தான் எங்கே என்று கணக்கிட்டுக்கொள்கிறது. பிறகு அந்தப் பக்கத்தைச் சிறுசிறு கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்தையும் தனித்தனியே வரைகிறது. இறுதியில் அக்கட்டங்களையெல்லாம் சேர்த்து ஒரே சித்திரமாகத் திரைக்கு அனுப்புகிறது. தறியில் பாவும் ஊடும் சேர்ந்து துணியாவதைப் போன்றதே இந்தக் காரியம். இந்தக் கட்டங்களில் ஒன்று வரையப்படாமலோ, வேறிடத்தில் வைக்கப்பட்டோ போகும்போதுதான், கோளாறு நம் கண்ணுக்குச் சதுரம் சதுரமாகத் தெரிகிறது. ஆகவே அந்தச் சதுர வடிவமே ஒரு துப்பு: உடைந்த திரை ஒருபோதும் அவ்வளவு நேர்த்தியாகச் சதுரம் போடாது.

முற்காலத்துப் பிரவுசர்கள் இந்த வரையும் வேலை முழுவதையும் கணினியின் பிரதான மூளையாகிய சி.பி.யு.வைக் கொண்டே செய்துவந்தன. 2011ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் வெளியான இன்டர்நெட் எக்ஸ்புளோரர் 9, ஃபயர்ஃபாக்ஸ் 4 ஆகிய இரண்டும் அந்த வேலையைக் கிராஃபிக்ஸ் சிப்பின் தலையில் ஏற்றத் தொடங்கின. முப்பரிமாணச் சித்திரங்களை இணையப் பக்கத்துக்குள்ளேயே வரைவதற்கான வெப்ஜிஎல் என்னும் நியமத்தின் முதற்பதிப்பும் அதே மாதத்தில்தான் நிறைவெய்தியது. இதனால் பக்கம் உருளுவதில் வழவழப்பும், வீடியோ ஓடுவதில் வேகமும் உண்டாயின என்பது வாஸ்தவம். ஆனால் அதோடு ஒரு புதிய சார்பும் வந்து சேர்ந்தது. பிரவுசர் இட்ட கட்டளையைக் கிராஃபிக்ஸ் சிப்புக்குப் புரியும் பாஷையில் எடுத்துச் சொல்லும் இடைமனிதர் ஒருவர் வேண்டும். அந்த வேலையைச் செய்யும் மென்பொருளுக்கு டிரைவர் என்று பெயர்.

டிரைவர் என்ற சொல், லாரிகளுக்குப் பேர்போன நாமக்கல்காரருக்கும் சங்ககிரிக்காரருக்கும் அந்நியமானது அன்று. வண்டி நன்றாயிருந்தும் சாலை நன்றாயிருந்தும், ஓட்டுகிறவர் வழி தவறினால் சரக்கு சேர வேண்டிய இடத்தில் சேராது என்பதை அவர்கள் அனுபவத்தில் அறிவார்கள். பிரவுசரோ நாலைந்து வாரங்களுக்கு ஒருமுறை புதிய பதிப்பாகத் தன்னைப் புதுப்பித்துக்கொள்கிறது. சிப்பைச் செய்த கம்பெனியோ சில ஆண்டுகளில் அந்த மாடலுக்கு டிரைவர் எழுதுவதை நிறுத்திவிடுகிறது. உதாரணமாக, 2011இல் வந்த இன்டெல் ஹெச்.டி. கிராஃபிக்ஸ் 3000 என்ற சிப்புக்கு, விண்டோஸ் 10க்கென்று அதிகாரபூர்வமான டிரைவரை இன்டெல் வெளியிடவே இல்லை. அத்தகைய கணினியில் விண்டோஸ் 10 போட்டவர்கள் முந்தைய விண்டோஸுக்காக எழுதப்பட்ட டிரைவரைக் கொண்டே காலந்தள்ளினார்கள். ஒருவர் நாள்தோறும் புதிய சொற்களைப் பேசிக்கொண்டே போக, மற்றவர் பத்தாண்டுக்கு முந்தைய அகராதியை வைத்துக்கொண்டு மொழிபெயர்த்தால் என்ன ஆகுமோ, அதுவே கறுப்புச் சதுரமாகவும், பச்சை வீடியோவாகவும், கிழிந்த எழுத்தாகவும் நம் முன்னே காட்சி தருகிறது.

பரீட்சிக்கும் முறை

சேலம் ஐந்து ரோட்டுக்கு அருகில், ஒரு மாடிப்படியின் கீழே பத்தடிக்குப் பத்தடி இடத்தில் கணினி பழுது பார்க்கும் இளைஞர் ஒருவரிடம் அந்த மடிக்கணினியை எடுத்துக்கொண்டு போனேன். அவர் உடனே ஸ்க்ரூடிரைவரை எடுக்கவில்லை. முதலில் பிரவுசரைத் திறந்து, சதுரங்கள் விழுந்திருக்கும் நேரமாகப் பார்த்து ஒரு ஸ்கிரீன்ஷாட் எடுத்தார். அதைத் தம் செல்பேசிக்கு மாற்றித் திறந்து பார்த்தார். செல்பேசியிலும் அதே கறுப்புச் சதுரங்கள் தெரிந்தன. "டிஸ்ப்ளே நல்லா இருக்குதுங்க, கேபிளும் நல்லா இருக்குது. வரையற இடத்துலதான் தப்பு" என்றார். பழுது படத்தின் பிரதியிலும் இருந்தால் அது வரையப்படும்போதே நேர்ந்தது. பிரதி சுத்தமாயிருந்து திரையில் மட்டும் தெரிந்தால், பேனலையோ, மூடியின் கீல் வழியாகப் போகும் மெல்லிய கேபிளையோ சந்தேகிக்க வேண்டும். மூடியை மெல்ல அசைக்கும்போது கோடுகள் வந்து மறைந்தால் அந்தக் கேபிளின் மேலேயே குற்றம் பெரும்பாலும் நிரூபணமாகிவிடும். ஒரு நயாபைசா செலவில்லாத இந்தப் பரீட்சையை முன்பே செய்திருந்தால், எத்தனையோ குடும்பங்கள் வீணாகத் திரை மாற்றியிருக்கமாட்டா.

அடுத்து அவர் வேறொரு பிரவுசரைத் திறந்தார். அதிலும் பழுது இருந்தது. ஒன்றில் மட்டும் இருந்திருந்தால், அந்தப் பிரவுசரில் சேர்த்திருக்கும் எக்ஸ்டென்ஷன்களை ஒவ்வொன்றாக நிறுத்திப் பார்த்திருப்பார். பிறகு குரோமில் செட்டிங்ஸுக்குப் போய், சிஸ்டம் என்ற பகுதியில் 'யூஸ் கிராஃபிக்ஸ் ஆக்சலரேஷன் வென் அவைலபிள்' என்றிருந்த, அதாவது வரையும் வேலையைச் சிப்பிடம் ஒப்படைக்கும் பொத்தானை அணைத்துவிட்டு, பிரவுசரை மூடித் திறந்தார். சதுரங்கள் அடியோடு மறைந்தன. ஃபயர்ஃபாக்ஸில் இதே காரியத்துக்கு, ஜெனரல் என்ற பக்கத்தின் கீழே பெர்ஃபாமன்ஸ் என்ற இடத்தில், பரிந்துரைத்த அமைப்பை நீக்கினால் தெரியவரும் ஹார்ட்வேர் ஆக்சலரேஷன் குறியை எடுத்துவிட வேண்டும். முகவரிக் கட்டத்தில் 'குரோம்' என எழுதி, முக்காற்புள்ளியும் இரண்டு சாய்கோடுகளும் இட்டு 'ஜிபியு' என ஆங்கிலத்தில் தட்டினால், எந்தெந்த வேலையைச் சிப் செய்கிறது, எதைச் சி.பி.யு. செய்கிறது என்ற முழு ஜாதகமும் வந்து நிற்பதையும் அவர் காட்டினார். பழுதுள்ளவை என்று தெரிந்த டிரைவர்களின் பட்டியல் ஒன்றைப் பிரவுசர்கள் தம்முள்ளேயே வைத்திருக்கின்றன என்பதும், அதில் சிக்கிய சிப்புக்கு வேலை கொடுக்காமல் தாமே விலகிக்கொள்கின்றன என்பதும் எனக்கு அன்றுதான் தெரியவந்தது.

இத்துடன் அவர் நிறுத்தியிருந்தால் வாடிக்கையாளருக்குத் திருப்திதான். அவருக்குத் திருப்தியில்லை. கணினியின் அடிப்பக்கத்தில் உள்ளங்கையை வைத்துப் பார்த்தவர், "சூடு ஜாஸ்தியா இருக்குதே" என்று சொல்லிக்கொண்டே, பேட்டரியைக் கழற்றி, அடிமூடியின் திருகுகளை ஒவ்வொன்றாக எடுத்து, அவற்றை ஒரு காந்தத் தட்டில் வரிசையாக வைத்தார். மின்விசிறியை நீக்கியபோது, அதற்கும் செம்புக் குழாயின் முனையிலிருந்த தகடுகளுக்கும் நடுவே சாம்பல் நிறத்தில் ஒரு பொருள் அடைத்துக்கொண்டிருந்தது. அதை இடுக்கியால் பற்றி இழுத்தார். தீப்பெட்டியின் நீளத்தில், கம்பளித் துண்டுபோல் அடர்ந்து, கிழியாமல் முழுசாகவே வந்தது. தறிக்கூடத்தின் காற்றில் மிதக்கும் பஞ்சு! பத்தாண்டுகளாக விசிறி உறிஞ்சி உறிஞ்சிச் சேர்த்த அந்தப் பஞ்சு, காற்று வெளியேறும் வழியில் தானே ஒரு துணியாக நெய்யப்பட்டிருந்தது. வெப்பம் போக வழியில்லாத சிப், தன்னைக் காத்துக்கொள்ளத் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். அளவு கடந்தால் கணக்கிலும் தடுமாறும். சிப்பின் சூட்டை வெளியே கடத்த வேண்டிய பழைய தெர்மல் பேஸ்ட் காய்ந்து சுண்ணாம்புபோல் உதிர்ந்தது. ஸ்பிரிட்டில் நனைத்த துணியால் அதைத் துடைத்துவிட்டுப் புதிய பேஸ்டை ஒரு நெல்மணி அளவே வைத்து மூடினார். பிறகு ஆக்சலரேஷனை மறுபடியும் இயக்கிப் பார்த்தோம். சதுரங்கள் வெகுநேரம் கழித்து ஒன்றிரண்டு மட்டுமே எட்டிப்பார்த்தன. ஆகக் குற்றவாளிகள் இருவர் என்பது தெளிவாயிற்று: பாதி பழைய டிரைவர், பாதி பள்ளிபாளையத்துப் பஞ்சு.

2011இல் பிறந்த தலைமுறை

பிரவுசர்கள் கிராஃபிக்ஸ் சிப்பின்மேல் சாயத் தொடங்கிய அதே 2011ஆம் ஆண்டில், செப்டம்பர் 15ஆம் நாள் அண்ணா பிறந்த தினத்தன்று, திருவள்ளூர் மாவட்டத்தில் முதலமைச்சர் ஜெயலலிதா விலையில்லா மடிக்கணினித் திட்டத்தைத் தொடங்கிவைத்தார். அரசுப் பள்ளிகளிலும் அரசு உதவிபெறும் பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் பாலிடெக்னிக்குகளிலும் பயின்ற மாணவர்களுக்காக, தமிழக அரசின் எல்காட் நிறுவனத்தின் டெண்டர் வழியாகக் கொள்முதல் செய்யப்பட்டவை அவை. தொடர்ந்த ஆண்டுகளில் 51 லட்சத்துக்கும் மேற்பட்ட மடிக்கணினிகள் வழங்கப்பட்டன; பள்ளிபாளையத்துக் கணினியும் அவற்றில் ஒன்றே. கைத்தறி நெய்வோர் வீட்டிலும், ஜவ்வரிசி ஆலைக் கூலியாள் வீட்டிலும், திருச்செங்கோட்டு ரிக் வண்டியில் வடதேசம் போய் ஆழ்துளைக் கிணறு தோண்டும் தொழிலாளியின் வீட்டிலும், அந்தக் குடும்பத்தின் சரித்திரத்தில் முதன்முதலாக நுழைந்த கணினி பெரும்பாலும் அதுவாகவே இருந்தது.

முதல் வரிசைக் கணினிகளில் விண்டோஸுடன் பாஸ் லினக்ஸும் சேர்த்தே பதியப்பட்டிருந்தது என்பதைப் பலரும் மறந்துவிட்டார்கள். சி-டாக் நிறுவனம் டெபியன் என்னும் லினக்ஸ் வகையை அடிப்படையாகக் கொண்டு உருவாக்கிய அந்தச் சுதேசி இயங்குதளத்தை, கணினி திறக்கும்போது தோன்றும் பட்டியலில் கண்டும் தேர்ந்தெடுக்காமல் கடந்துபோன மாணவர்களே அதிகம். விண்டோஸ் 7க்கு மைக்ரோசாஃப்ட் அளித்த ஆதரவு 2020 ஜனவரியில் முடிந்தது. குரோம் 2023இல் 110ஆம் பதிப்போடு விண்டோஸ் 7ஐக் கைவிட்டது. விண்டோஸ் 10க்குரிய வழக்கமான ஆதரவும் 2025 அக்டோபர் 14ஆம் நாளோடு நின்றது. விண்டோஸ் 11க்கு வேண்டிய டி.பி.எம். 2.0 என்னும் பாதுகாப்புச் சிப் முதலிய நிபந்தனைகளை இந்தத் தலைமுறைக் கணினிகள் நிறைவேற்றமாட்டா. ஒவ்வொரு கதவாக மூடிக்கொண்டு வரும் இவ்வேளையில், முதல் நாளிலேயே திறந்துவைக்கப்பட்டு நாம் நுழையாமல் விட்ட லினக்ஸ் என்னும் கதவு மட்டும் இன்னும் திறந்தே இருக்கிறது.

ஐந்து ரோட்டு இளைஞர் அன்று கடைசியாகச் செய்தது அதைத்தான். ஒரு பென்டிரைவிலிருந்து லினக்ஸ் மின்ட்டின் இலகுவான பதிப்பை, டிஸ்கில் எதையும் அழிக்காமல், அப்படியே ஓட்டிக் காட்டினார். ஆக்சலரேஷன் இயங்கிக்கொண்டிருந்தும் ஒரு சதுரம்கூட விழவில்லை. காரணம் எளிது: லினக்ஸின் கிராஃபிக்ஸ் டிரைவர்கள், பிரையன் பால் என்பவர் 1993இல் தொடங்கிய மேசா என்ற பொதுத் திட்டத்தில், எல்லோரும் பார்க்கும்படி எழுதப்படுகின்றன. விற்றுமுடித்த சரக்கு என்று கம்பெனி கைகழுவிய சிப்புகளையும் அங்கே சிரத்தையுடன் பராமரிப்பவர்கள் இருக்கிறார்கள். பழைய இன்டெல் சிப்புகளுக்காகவே 2021இல் குரோகஸ் என்ற புதிய டிரைவரை அவர்கள் சேர்த்தார்கள்.

பழையதின் குணங்கள்

பழைய மடிக்கணினியின் முதற்பெரும் குணம், அது திறக்கக்கூடியது என்பதே. பேட்டரியைக் கொக்கி விலக்கிக் கையாலேயே எடுக்கலாம். ராம் இரண்டு பள்ளங்களில் செருகப்பட்டிருக்கும், 2 ஜி.பி.யை எடுத்துவிட்டு 4 ஜி.பி.யோ 8 ஜி.பி.யோ போட்டுக்கொள்ளலாம். சுழலும் ஹார்ட் டிஸ்க் ஒரு தகவலைத் தேடிப் பிடிக்கச் சுமார் பத்து மில்லி விநாடி எடுக்கும். அதே இடத்தில் அதே அளவுள்ள எஸ்.எஸ்.டி.யைச் செருகினால் அந்த நேரம் நூற்றில் ஒரு பங்காகிவிடும். கணினி கிழடாகிவிட்டது என்று பலர் அலுத்துக்கொள்வது உண்மையில் இந்த ஒரு பாகத்தின் தாமதமே. இன்றைய மெல்லிய கணினிகள் பலவற்றில் ராம் போர்டோடு பற்றவைக்கப்பட்டும், பேட்டரி பசையிட்டு ஒட்டப்பட்டும் இருப்பதால், ஓர் உறுப்பு நோயுற்றால் உடல் முழுவதையும் மாற்ற வேண்டிய நிலை உண்டாகிறது.

இந்தக் குணத்தின் மதிப்பை நாமக்கல் பூமியைவிட நன்றாக அறிந்த பிரதேசம் வேறு உண்டோ என்று ஐயுறுகிறேன். இங்கே பட்டறைகளில் லாரியின் சேசிஸ் ஒன்று, பாடி வேறொன்று. பாடி மரம் இற்றுப்போனால் அதைப் பிரித்துவிட்டுப் புதிதாகக் கட்டுகிறார்கள், சேசிஸ் மீண்டும் கல்கத்தாவுக்குப் புறப்பட்டுவிடுகிறது. எஞ்சின் வேலை பார்ப்பவர், லேத்தில் கடைபவர், ஸ்பிரிங் பட்டைக்காரர், தார்ப்பாய் தைப்பவர் என்று ஒரு வண்டியைச் சுற்றி ஒரு சமூகமே வாழ்கிறது. தறியில் ஒரு பல்சக்கரம் தேய்ந்தால் தறியை எடைக்குப் போட்டவரை நான் கேள்விப்பட்டதில்லை. வண்டியிலும் தறியிலும் பரம்பரையாக நாம் காட்டிவரும் இந்த ஞானத்தைக் கணினிக்கும் நீட்டிப்பது ஒன்றே வேண்டியது.

உலகின் கணக்கும் இதையே வற்புறுத்துகிறது. ஐக்கிய நாடுகள் அமைப்புகளின் 2024ஆம் ஆண்டு அறிக்கையின்படி, 2022இல் உலகம் கழித்துக்கட்டிய மின்னணுக் குப்பை 6.2 கோடி டன். அதில் முறையாகச் சேகரித்து மறுசுழற்சி செய்யப்பட்டதாகக் கணக்கில் வந்தது 22.3 சதவீதமே. மடிக்கணினி ஒன்றின் வாழ்நாளில் அது உண்டாக்கும் கரியமில வாயுவின் பெரும்பகுதி, நாம் அதைத் திறக்குமுன், அதைச் செய்யும்போதே உண்டாகிவிடுகிறது. ஆகவே இருக்கும் கணினியை இன்னும் ஐந்தாண்டு உழைக்கச் செய்வது கஞ்சத்தனம் ஆகாது, தர்மமாகும். பழுது நீக்கும் உரிமைக்கென்று மத்திய நுகர்வோர் துறை 2022 டிசம்பரில் ஓர் இணையதளத்தைத் தொடங்கியதும் இந்த எண்ணத்தின் வழியிலேயே.

எல்லையை அறிதல்

பழையது எல்லாம் உத்தமம் என்று வாதிப்பது என் நோக்கமன்று. பாதுகாப்புத் திருத்தங்கள் நின்றுபோன இயங்குதளத்தில் வங்கிக் கணக்கைத் திறப்பது, தாழ்ப்பாள் இல்லாத வீட்டில் நகையை வைப்பதற்குச் சமம். பழைய கணினியை வைத்திருப்பவர் அதில் ஓடும் மென்பொருளைப் பழையதாக வைத்திருக்கலாகாது. ஆக்சலரேஷனை அணைத்தால் வீடியோ பார்க்கும்போது சி.பி.யு. தவிக்கும், விசிறி இரையும், பேட்டரி விரைவில் இறங்கும். அக்காலத்துச் சிப்புகள் ஹெச்.264 முறையில் வரும் வீடியோவைத்தான் சிரமமின்றி விரிக்கும். பின்னால் வந்த வி.பி.9 முதலியவற்றைச் சி.பி.யு.வே சுமக்க வேண்டியிருப்பதால், வீடியோவின் தரத்தை ஒருபடி இறக்கிவைத்துப் பார்ப்பது விவேகம்.

சில பழுதுகள் மெய்யாகவே உலோகத்தில் நேர்ந்தவை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். சிப்பைப் போர்டோடு பிணைக்கும் ஈயக்குமிழ்கள் சூட்டிலும் குளிர்ச்சியிலும் மாறிமாறி விரிந்து சுருங்கி வெடித்துவிடுவதுண்டு; என்விடியா கம்பெனியே 2008இல் தன் மடிக்கணினிச் சிப்புகள் சிலவற்றில் சிப்பைப் பொதிந்த பொருளிலேயே பலவீனம் இருந்ததை அறிவித்து, அதற்காகப் 15 முதல் 20 கோடி டாலர் வரை ஒதுக்கிவைக்க நேர்ந்தது. பென்டிரைவிலிருந்து வேறு இயங்குதளத்தை ஓட்டியும் பழுது நீங்காமல், பிரவுசர் திறக்குமுன்னரே, கம்பெனிச் சின்னம் தோன்றும் முதற்கணத்திலேயே கோடுகள் தெரிந்தால், அது மென்பொருளின் குற்றமன்று என்று மனத்தைத் தேற்றிக்கொள்ளலாம். ஆனால் அந்த முடிவு, பரீட்சைகள் யாவும் செய்து முடித்தபின் வர வேண்டியது. பார்த்த மாத்திரத்தில் சொல்ல வேண்டியது அன்று.

2025ஆம் ஆண்டு மார்ச் மாத நிதிநிலை அறிக்கையில், இரண்டாண்டுகளில் கல்லூரி மாணவர் 20 லட்சம் பேருக்கு மடிக்கணினியோ கைக்கணினியோ வழங்கப்படும் என்று தமிழக அரசு அறிவித்தது. வரவேற்க வேண்டிய காரியம். அதனோடு சேர்த்து, ஒவ்வொரு மாணவருக்கும் ஒரு சிறிய ஸ்க்ரூடிரைவரும், அதைப் பிடிக்கும் தைரியமும் அரை நாள் பயிற்சியில் கிடைக்குமானால், அந்தக் கணினிகளின் ஆயுள் இருமடங்காகும் என்பது என் அபிப்பிராயம்.

பள்ளிபாளையத்துக் கணினி இப்போது எஸ்.எஸ்.டி.யோடும் லினக்ஸோடும் உழைக்கிறது. சரஸ்வதி பூஜைக்கு முன்தினம் நான் அங்கே போனேன். தறிகளை நிறுத்தி, பஞ்சைத் துடைத்து, எண்ணெய் விட்டு, மறுநாள் சந்தனம் குங்குமம் இடுவதற்காக ஒவ்வொன்றையும் தயார் செய்துகொண்டிருந்தார்கள். ஆயுதத்தை வணங்குமுன் அதைச் சுத்தம் செய்ய வேண்டும் என்பது அந்த வீட்டின் சம்பிரதாயம். முன்கூடத்தில் தமக்கையின் மகள் தரையில் உட்கார்ந்து, மடிக்கணினியைப் பழைய துண்டு ஒன்றின்மேல் கவிழ்த்து வைத்து, பேட்டரியைத் தனியே எடுத்துவிட்டு, அடிமூடியின் கடைசித் திருகைக் கழற்றிக்கொண்டிருந்தாள். எடுத்த திருகுகள், கழற்றிய வரிசைப்படியே, குங்குமச் சிமிழின் மூடியில் கிடந்தன.